ஒரு நாளைக்கு மட்டும்

"நாப்பத்து மூணு சிவப்பா! நேத்து சாயங்காலம் ஒண்ணுகூட இல்லாமத்தான சார் விட்டுட்டுப் போனேன்?"

இசக்கிசெல்வி போட்ட சத்தத்தில் விக்ரோலி ஆபீஸின் அந்த மாடியே திரும்பிப் பார்த்தது.

ஆஸ்பத்திரியில் சொட்டு மருந்து ஏற்றும் மெஷின்களுக்கு அவர்கள் புரோகிராம் எழுதுகிறார்கள். எழுதியதை ஓட்டிப் பார்க்காமலே, வரி வரியாகப் படித்துத் தப்பு பிடிப்பதற்கென்று ஒரு டூல் உண்டு. சந்தேகம் வந்த இடத்திலெல்லாம் சிவப்பு வைக்கும். ஒரு சிவப்பு இருந்தாலும் கஸ்டமர் கைநீட்டி வாங்கமாட்டார். ஒப்படைக்க வேண்டியதோ இன்றைக்கு, நாலு மணிக்கு.

சிவப்பெல்லாம் ஒரே இடத்தில் கிடந்தன. நாலு மெஷினுக்கும் பொதுவான லைப்ரரி ஃபைலில்.

"அந்த ஃபைல்ல இதுவரை ஒரு சிவப்பும் வந்ததே இல்லையேம்மா?" என்றார் மேனேஜர் சந்திரமௌலி. மாட்டுங்காக்காரர். கோபம் வந்தால் அவருக்குக் குரல் இறங்கும். இப்போது இறங்கியிருந்தது.

"'இந்த ஃபைலை விட்டுடு'ன்னு செட்டிங்ல ஒரு வரி இருந்துச்சு சார். அதை நேத்து ஏழு மணிக்கு எடுத்துட்டாங்க."

"யாரு?"

செல்வி மூலை சீட்டைப் பார்த்தாள். மரியஅந்தோணி டிராயரைக் காலி பண்ணிக்கொண்டிருந்தார். அவருக்கு இன்றோடு கடைசி. திங்கட்கிழமை தாணேயில் புதுக் கம்பெனி.

"ஜாதே ஜாதே பாம்!" போகும்போது குண்டு போட்டுவிட்டாராம், இந்தியில் சொல்லிச் சிரித்தான் பக்கத்து சீட் ராஹில்.

செல்விக்குச் சிரிப்பு வரவில்லை. "போற போக்குல கொள்ளி வச்சிட்டுப் போறியளோ அண்ணே?"

"கொள்ளி இல்ல செல்வி. நாப்பத்து ரெண்டு சும்மா. ஒண்ணு நெசம். மருந்து தீர்ந்தா மெஷின் நிக்கணும்லா? ஒரு சமயம் நிக்காது. பொது ஃபைல், சுத்தமாத்தான் இருக்கும்னு நாலு டீமும் நம்பிக்கிட்டு இருக்கோம். நானும் போயிட்டா எவன் தொறந்து பாக்கப் போறான்?"

"அதுக்குக் கடைசி நாள்தான் கெடச்சுதாக்கும்!"

"அடுத்தவங்ககிட்ட ஒப்படைக்கணுமேன்னு நேத்துதான் முழுசாப் படிச்சேன்."

சந்திரமௌலி கையை உயர்த்தினார். "போதும். கஸ்டமர்கிட்ட ரெண்டு நாள் தவணை கேட்கறேன். ஆனா, மருந்து மெஷினோட ஃபைலை டூல் கண்ணுல படாம ஒளிச்சது யாருன்னு எனக்குத் தெரிஞ்சாகணும். அதுவரை உங்க ரிலீவிங் லெட்டர்ல கையெழுத்துப் போடமாட்டேன் அந்தோணி."

அந்த லெட்டர் இல்லையென்றால் தாணேக்காரன் வாசலோடு திருப்பி அனுப்பிவிடுவான். ஆண்டாப் ஹில் வீட்டைக் காலி செய்து, பிள்ளைகளைத் தாணேயில் ஸ்கூலில் சேர்த்தாயிற்று என்று நேற்றுதான் சொல்லியிருந்தார் மனுஷன்.

"ஒரு நிமிஷம் சார், நான் எடுத்துடறேன்." செல்வி முந்திக்கொண்டாள். எந்த வரியை யார் சேர்த்தார்கள் என்பதைக் கம்ப்யூட்டர் மறப்பதில்லை. நாலு தட்டு தட்டினாள். பேர் வந்தது.

"மரியஅந்தோணி! பாருங்க சார், இவரே ஒளிச்சு வச்சிருக்காரு. மூணு வருஷம் கமுக்கமா இருந்துட்டு, போகும்போது இவரே தொறந்து நல்ல பேரு வாங்கப் பாக்காரு!"

"அப்படியா அந்தோணி?"

அந்தோணி செல்வியை ஒரு தடவை பார்த்தார்.

"என் பேர்தானே சார் இருக்கு."

"அப்போ லெட்டர் கிடையாது." சந்திரமௌலி கேபினுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

அந்தோணி டிராயரில் மிச்சமிருந்த மாதா படத்தைக் கைக்குட்டையால் துடைத்துப் பைக்குள் வைத்தார்.

அந்தப் படம்தான் செல்வியை மறுபடி ஸ்க்ரீனைப் பார்க்கவைத்தது.

பேருக்குப் பக்கத்தில் தேதி இருந்தது. மூணு வருஷத்துக்கு முந்தின செப்டம்பர் எட்டு. மாதா பிறந்தநாள். அன்றைக்கு அந்தோணி எந்த வருஷமும் ஆபீஸுக்கு வந்ததில்லை. குடும்பத்தோடு பாந்த்ரா மலைமேல் இருக்கும் மாதா கோயிலுக்குப் போவார். மறுநாள் எல்லார் மேஜையிலும் இனிப்பு வைப்பார்.

வரிக்குக் கீழே இங்கிலீஷ் எழுத்தில் ஒரு தமிழ்க் குறிப்பு: 'ஒரு நாளைக்கு மட்டும். நாளைக்கு எடுத்துடணும்.'

செல்வி அந்தக் குறிப்பை இன்னொரு தடவை படித்தாள்.

அந்த வாரம்தான் தாராவியிலிருந்து ஒரு பெண் புதிதாக வேலைக்குச் சேர்ந்திருந்தாள். அவளுக்கு லாகின் வந்திருக்கவில்லை. வேலை கெட்டுப்போகக் கூடாதென்று தன் பாஸ்வேர்டை எழுதிக் கொடுத்து, தன் சீட்டிலேயே உட்காரச் சொல்லிவிட்டு லீவில் போயிருந்தார் அந்தோணி.

செல்வி எழுந்து மூலை சீட்டுக்குப் போனாள். "அண்ணே... உங்களுக்கு நேத்தே தெரியும், இல்லையா?"

"பாஸ்வேர்டைக் குடுத்தது என் தப்பு. சத்தம் போடாத. சார் மேஜையில உன் டீம் லீட் புரமோஷன் லெட்டர் இருக்கு, நாளைக்குக் குடுக்கப் போறார். நான் எப்படியும் சமாளிச்சுக்குவேன்."

செல்வி கேபின் கதவைத் தட்டாமலே திறந்தாள்.

"இன்னும் என்னம்மா?" சந்திரமௌலி நிமிரவில்லை.

"லெட்டர் மாறிப்போச்சு சார். நீங்க நிறுத்தவேண்டியது என்னோடதை. செப்டம்பர் எட்டாம் தேதி அண்ணன் கோயில்ல இருந்தாரு. அவர் சீட்ல இருந்தது நான்."