தொண்ணூற்றோராம் நாள்

“மாப்பிள்ளை, ஹெல்மெட்டை மேஜை மேல வைக்காதேள். சுவாமி படம் இருக்கு” என்றார் விசாலாக்ஷி மாமி, தலையைத் தூக்காமலேயே.

ஸ்ரீரஞ்சனியோடு வந்தவர் ஹெல்மெட்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். ஸ்ரீரஞ்சனி ஏதோ சொல்ல வாயெடுத்தாள். மாமி கையை உயர்த்தினார். அந்தக் கை உயர்ந்தால் குருக்களே மந்திரத்தை நிறுத்திவிடுவார்.

கோந்த்வாவில் அந்தச் சின்ன முருகன் கோயிலில் கல்யாணம் நடக்க முருகன் அருள் மட்டும் போதாது. கோயில் அலுவலகத்தில் மாமியின் முத்திரையும் விழ வேண்டும். முப்பது வருடம் ராணுவக் கணக்கு அலுவலகத்தில் வேலை பார்த்தவர் மாமி. காகிதம் இல்லாமல் கடவுளையும் நம்பமாட்டார்.

ஸ்ரீரஞ்சனி ஃபைலை நீட்டினாள். மாமி, ஹரிபிரசாத் என்ற பெயரிலிருந்த ஆதார் நகலையும் எதிரே இருந்தவரையும் மாறி மாறிப் பார்த்தார்.

“போட்டோல முடி நிறைய இருக்கு” என்றவர், தானே சமாதானமும் ஆனார். “ஆதார்ல யார்தான் அவா மாதிரி இருக்கா.”

அடுத்து விவாகரத்துத் தீர்ப்பில் மாமியின் விரல் நின்றது. ஸ்ரீரஞ்சனி கேட்டு வாங்கிய தீர்ப்பு. முதல் கணவர் கடைசிவரை எதிர்த்துத் தோற்றிருந்தார். தோற்றவர் ஹைகோர்ட்டுக்கு அப்பீல் போகத் தொண்ணூறு நாள் உண்டு. அதுவரை அந்தத் தீர்ப்பு, வந்தும் வராத மாதிரிதான்.

“தீர்ப்பு வந்து எத்தனை நாள் ஆச்சு?”

“இன்னியோட தொண்ணூத்தொண்ணு” என்றார் வந்தவர், தாளைப் பார்க்காமலே.

“நன்னா எண்ணிண்டிருக்கேள்” என்று மாமி சிரித்தார்.

நாளை மறுநாள் வெள்ளிக்கிழமை, ஆனியின் கடைசி முகூர்த்தம். அதை விட்டால் ஆடி. ஆடி முடிவதற்குள் ஹரிபிரசாத் வேலைக்காக ஜெர்மனியில் இருந்தாக வேண்டும். கல்யாணம் ஆகாமல் ஸ்ரீரஞ்சனிக்கு விசா கிடையாது.

இதெல்லாம் மாமியை அசைக்கவில்லை. போன வருடம் இதே மண்டபத்தில், கெடுவுக்குள் போட்ட அப்பீலின் நோட்டீஸ் மாலை மாற்றிய பிறகு வந்து சேர்ந்ததை விவரித்தார். தாலி நின்றுவிட்டதாம், பாயசம் மட்டும் நடந்ததாம்.

“தோத்தவன் சும்மா இருப்பானா? ஜெயிக்கறதுக்கு இல்லை, இவளை நாலு வருஷம் நிறுத்தி வைக்கறதுக்குன்னே கடைசி நாள்ல அப்பீல் போட்டிருப்பான். சபரின்னு போட்டிருக்கே, ஆள் எப்படி? அல்பமா?”

ஸ்ரீரஞ்சனி தலையைக் குனிந்துகொண்டாள். வந்தவர் நியாயமாக யோசித்துப் பார்த்தார்.

“கொஞ்சம் அல்பம்தான் மாமி. இப்ப பரவாயில்லை.”

சன்னிதியில் இரண்டு மனைவியரோடு நின்ற முருகன், யாரும் எந்தக் காகிதமும் கேட்காத நிம்மதியில் சிரித்துக்கொண்டிருந்தார்.

மாமி விண்ணப்பத்தின் பின்பக்கத்தைத் திருப்பி ஐந்தாவது நிபந்தனையை வாசித்தார். அப்பீல் இல்லை என்று ஹைகோர்ட்டிலிருந்து சான்று வேண்டும். அதற்கு இரண்டு வாரம் ஆகும். இல்லையென்றால், தோற்றவரே நேரில் வந்து பதிவேட்டில் கையெழுத்திட வேண்டும். அப்படிக் கையெழுத்திடவென்று மாமி ஒதுக்கிய பக்கம் ஆறு வருடமாகக் காலியாகவே இருந்தது.

“முன்னாள் பெண்டாட்டி கல்யாணத்துக்குக் கையெழுத்துப் போட எந்த மனுஷன் வருவான்? நீங்களே சொல்லுங்கோ” என்று பதிவேட்டைத் திறந்து காட்டினார்.

வந்தவர் சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தார். பதிவேட்டைத் தன் பக்கம் திருப்பி, நிதானமாகக் கையெழுத்திட்டார்.

மாமி பதறிப்போனார். “ஐயோ, அங்கே மாப்பிள்ளை போடப்படாது.”

“மாப்பிள்ளை அவர் அப்பா அம்மாவை அழைச்சுண்டு வர ஏர்போர்ட் போயிருக்கார் மாமி. நான் அப்பீல் போடாதவன்.”