ஆறாம் மாடி ராசா

தவக்காலத்து வெள்ளிக்கிழமை. தேவாலயத்தில் சிலுவைப்பாதை தொடங்குகிற நேரம் பார்த்து மாமாவைக் காணவில்லை.

"கால் எக்சசைசுக்கு ஆஸ்பத்திரிக்குப் போயிட்டார்," என்றாள் சிசிலி.

"அது முடிஞ்சு மூண்டு கிழமையெல்லே அக்கா," என்றாள் றோசலின். "என்ரை மகள் அங்கை கன்ரீனிலை நிக்கிறவள். ஒவ்வொரு நாளும் சவரம் எடுத்து, சட்டை மினுக்கி, ஆறாம் மாடிக்குப் போறாராம். சனம் என்னென்னவோ கதைக்குது."

அருமைராசா மாமாவுக்கு எழுபத்தெட்டு வயது. வருசா வருசம் சிலுவை தூக்கி முன்னுக்குப் போகிறவர். சிசிலிக்குக் காது சுட்டது. செபப் புத்தகமும் கையுமாக, ஆஸ்பத்திரி இருக்கிற கோட்-டெ-நெய்ஜுக்கு பஸ் ஏறினாள்.

ஆறாம் மாடியில் கடைசி அறை. யன்னலால் பனி வெளிச்சம் பால் ஊற்றினதுபோல இறங்கிக் கிடந்தது.

அந்த வெளிச்சத்துக்குள் நெட்டையாக ஒரு வெள்ளைக்காரக் கிழவர். தோளில் ஆஸ்பத்திரிப் போர்வை. கன்னம் இரண்டும் செக்கச்செவேல். விளங்காத பாஷையில் என்னவோ முழங்கினார். நெஞ்சைப் பிடித்தார். கனவில் விழுகிறவர்போல மெல்ல மெல்லக் கட்டிலில் சரிந்து, செத்துப்போனார்.

மாமா கை தட்டினார். என்னவோ சொல்ல வாயெடுத்தவர், வாசலில் மருமகளைக் கண்டதும் நிறுத்திவிட்டார்.

செத்தவர் ஒரு கண்ணைத் திறந்து பார்த்தார்.

"வா பிள்ளை. இவர் கசிமிர். போலந்திலை பெரிய நடிகர். லிஃப்டிலை மாடி மாறி இறங்கினதிலை பழக்கம். உந்தச் சுவரைப் பாரன்."

சுவர் நிறையப் பழைய படங்கள். ராசா முடியோடு ஒன்று, சிப்பாய்த் தொப்பியோடு ஒன்று, பிச்சைக்காரனாக ஒன்று.

"இருபது வருசம் மேடையும் படமும். அங்கை ஆமி றோட்டுக்கு வர, எங்களைப் போலை வெளிக்கிட்டவர். இஞ்சை பள்ளிக்கூடத்திலை கூட்டித் துடைச்சவர். அவரின்ரை பிரெஞ்சும் என்ரை பிரெஞ்சும் ஒரே நொண்டி, அதாலை நல்லா விளங்குது. இப்ப செத்தது ராசா. நேற்று சிப்பாய்."

"ஆண்டவர் பாடுபட்ட நாளிலை சாவை வைச்சுக் கூத்தோ மாமா? அதுக்கு நீங்கள் கைதட்டு வேறை. அங்கை கிறகரி அண்ணை நாரி நோவோடை குனிஞ்சுகொண்டு சிலுவை தூக்கிறார்."

மாமா தலை குனிந்தார். "பிழைதான் பிள்ளை. வா, சிலுவைப்பாதையிலை கடைசித் தலத்துக்கெண்டாலும் போய்ச் சேருவம்."

தொப்பியை எடுத்துக்கொண்டு பேசாமல் வெளியே நடந்தார்.

அப்போது தாதி வந்தாள். ஈரத்துணியால் கசிமிரின் முகத்தைத் துடைத்தாள். சிவப்பெல்லாம் துணியோடு போனது. கீழே இருந்த முகம், எரிந்து முடியப் போகிற மெழுகுதிரியின் நிறம்.

சிசிலி வாசலில் நின்றுவிட்டாள். "இவருக்கு என்ன?" என்று தனக்குத் தெரிந்த பிரெஞ்சில் மெல்லக் கேட்டாள்.

"பெப்ரவரி தாண்ட மாட்டார் என்றார் டாக்டர்," என்றாள் தாதி தணிந்த குரலில். "இப்போது மார்ச் முடிகிறது. இவரைப் பார்க்க வருகிற ஒரே ஆள் உங்கள் மாமாதான். ஒவ்வொரு நாளும் போகும்போது கைதட்டி, 'அங்கோர்' என்று சொல்லிவிட்டுப் போவார். இவரும் அடுத்த நாள் கண் விழித்ததும், 'கன்னத்துக்குச் சிவப்பு எங்கே, எனக்கு இன்றைக்கும் ஆட்டம் இருக்கிறது' என்பார்."

அங்கோர். பிரெஞ்சில், இன்னொருக்கா.

இன்றைக்கு மாமா அதைச் சொல்லவில்லை. கசிமிர் தலையணையில் கிடந்தபடி கதவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

சிசிலி செபப் புத்தகத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, இரண்டு கையையும் தட்டி, "அங்கோர்" என்றாள்.