இஷ்தார் ஆஸ்பத்திரியில் மூன்றாம் நாள்

இறந்தவர்களை மூன்றாம் நாள் எழுப்பித் தரும் அந்த ஆஸ்பத்திரிக்கு இஷ்தார் என்று பெயர். பாபிலோனில் காதலுக்கும் போருக்கும் அவள் ஒருத்தியே தெய்வமாம். கல்யாணமான தணிகாசலத்துக்கு அதில் ஆச்சரியமில்லை. சுவரில் அவள் கதை இருந்தது. பாதாளத்திலிருந்து மீண்டு வந்தவள், தனக்காக அழாமல் சொகுசாக உட்கார்ந்திருந்த புருஷனைத் தனக்குப் பதிலாக அங்கே அனுப்பிவிட்டாளாம். தணிகாசலத்துக்கு வியர்த்தது. மனைவி வேதவல்லி இறந்து கிடந்த மூன்று நாளும் பிரியாணி சாப்பிட்டு, அவள் குறட்டை இல்லாத வீட்டில் அசந்து தூங்கிய மனுஷன் அவர்.

வேதவல்லியைச் சக்கர நாற்காலியில் அழைத்து வந்தார்கள்.

"ஏங்க, சாப்பிட்டீங்களா?"

"சாப்பிட்டேன் வேதா. தினமும் பிரியாணி. நல்லாத் தூங்கவும் செஞ்சேன்."

"அப்பாடா! பட்டினி கிடப்பீங்களேன்னு அங்கேயும் எனக்கு அதே கவலைதான்."

மன்னிப்புக் கேட்க அவள் கையைப் பிடித்தார். அது இன்னும் ஐஸ்கட்டியாகத்தான் இருந்தது.