சுத்தமான ஒலி

தாரணி ஹெட்போனைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள்.

"பாட்டெல்லாம் எங்க ஊருல அத்தன பேருக்கும் தெரியுமுங்கக்கா. அம்மா என்னைய வையறது ஏதாச்சும் இருக்குதுங்களா?"

அக்ஷதா இதை எதிர்பார்க்கவில்லை.

தாரணியின் அம்மா பசம்மா போன மாசிதான் இறந்துபோனாள். அவளுடைய பாட்டுகளையாவது காப்பாற்றிவிட்டோம் என்ற பெருமையில், அவற்றைக் கேட்க வரும்படி மகளை மைசூருக்கு அழைத்தவளே அக்ஷதாதான். தாரணியும் மாதேஸ்வரன் மலையில் முதல் பஸ்ஸைப் பிடித்து, கொள்ளேகாலில் மாறி வந்திருக்கிறாள்.

மலைவாழ் சோளகர்களைப் பற்றி அக்ஷதா எடுத்த ஆவணப்படத்துக்கு உயிரே பசம்மாவின் பாட்டுதான். ஆனால் அந்த அம்மாள் லேசில் பாடி முடிக்கிறவள் இல்லை. சாமியையும் காட்டையும் பாடிக்கொண்டிருக்கும்போதே, அடுப்பில் என்ன தீய்கிறது, கோழி எங்கே போகிறது என்று மகளை ஒரு பாட்டம் திட்டித் தீர்ப்பாள். பிறகு ஒன்றுமே நடக்காததுபோல விட்ட வரியிலிருந்து தொடங்குவாள்.

அக்ஷதாவும் விடவில்லை. டிவியை அணைக்கச் சொன்னாள். கோழிகளைக் கூடையால் மூடச் சொன்னாள். தாரணியையே ஓடைப் பக்கம் அனுப்பிவைத்தாள். தடங்கலில்லாமல் பாடியதை மட்டும் வைத்துக்கொண்டு, மிச்சத்தையெல்லாம் 'வேஸ்ட்' என்ற போல்டரில் தள்ளினாள்.

ஹார்ட் டிஸ்க் நிறைந்தபோது முதலில் அழித்தது அந்தப் போல்டரைத்தான்.

படம் பார்த்தவர்கள், ஒலி எவ்வளவு சுத்தம் என்று வாயாரப் புகழ்ந்தார்கள். அன்றைக்கு அவளுக்குத் தலைகால் புரியவில்லை.

இன்றைக்கு அந்தச் சுத்தத்தை நினைத்தாலே கூசியது. பாட்டுக்கு ஒன்றும் ஆகிவிடவில்லை. போனது பசம்மாதான்.

இல்லையென்று தெரிந்தும் அக்ஷதா தேடினாள். ஹெட்போன் வயரைப் பிடுங்கிவிட்டு, இரண்டு பேருக்கும் கேட்கிற மாதிரி பதிவுகளை ஒவ்வொன்றாகத் திறந்தாள். தாரணி நாற்காலியை நெருக்கிப் போட்டுக்கொண்டாள்.

பாட்டு. அடுத்ததும் பாட்டு. அதற்கடுத்ததும் பாட்டுதான்.

கடைசியில் ஒரு துண்டு அகப்பட்டது. மைக்கைச் சோதிக்க எடுத்தது, அழிக்க விட்டுப்போயிருந்தது. பசம்மா வாசலில் உட்கார்ந்து முந்தானையைச் சரிசெய்துகொண்டிருக்கிறாள். அந்தப் பக்கம் எதையோ பார்த்து முகம் கடுகடுக்கிறது. வாயைத் திறக்கிறாள்.

"ஏ தார—"

அதற்குள் கேமராவுக்குப் பின்னாலிருந்து அக்ஷதாவின் குரல் குறுக்கே விழுந்தது. "ஷ்ஷ்! பேசாதீங்கம்மா."

பசம்மா சட்டென்று வாயை மூடிக்கொண்டாள். படம் அத்தோடு நின்றது.

அக்ஷதாவுக்குத் திரும்பிப் பார்க்கவே தைரியம் வரவில்லை. இருந்தாலும், "தாரணி, நான்..." என்று ஆரம்பித்தாள்.

தாரணி திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் கையை உயர்த்தினாள்.

"ஷ்ஷ்... பேசாதீங்கக்கா. இன்னொருக்கா போடுங்க."