இருநூற்றுப் பதின்மூன்றாவது படம்

நூலகத்தில் பழஞ்சுவடிகளைப் படம் பிடிப்பது அவளுக்கு வேலை. அன்று எடுத்தது மூன்று நிலாக்களின் மந்திரங்களைச் சொல்லும் சுவடி. இருநூற்றுப் பன்னிரண்டு ஏடுகள், ஏட்டுக்கு ஒரு படம். மனசு மட்டும் பிரசவ வார்டில் இருந்த தங்கையிடமே கிடந்தது. போன தடவை குழந்தை தங்கவில்லை.

மதியம் கணினியில் பார்த்தால், படங்கள் இருநூற்றுப் பதின்மூன்று. சுவடியை இரண்டு முறை எண்ணினாள். ஏடு கூடவில்லை.

சுவடியின் அந்தப் பழைய எழுத்தைப் படிக்கத் தெரிந்த ஒரே ஆள் பக்கத்து மேஜைக்காரர். அகராதி என்றுதான் எல்லாரும் கூப்பிடுவார்கள். கடைசிப் படத்தைப் பார்த்தவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார்.

“என்ன சார், மந்திரமா?”

“இல்லம்மா. ‘ரெண்டும் பொண்ணு, ரெண்டும் சுகம், போய்ப் பாரு’ன்னு கறுப்பு மையில எழுதியிருக்கு.”

“ரெண்டா? டாக்டர் ஒண்ணுன்னுதானே சொன்னாரு!”

போன் அடித்தது. தங்கை புருஷன் அழுதுகொண்டே சிரித்தான். “அக்கா, ரெட்டைப் புள்ளைங்க!”

விழுந்தடித்துக்கொண்டு ஓடினாள். தங்கை வாயெல்லாம் பல்லாகக் கிடந்தாள்.

“இந்தச் சின்னவளை மூணு தடவை துடைச்சிட்டேன், போகவே மாட்டேங்குது” என்று நர்ஸ் சிரித்தபடி குழந்தையை நீட்டினாள்.

பிஞ்சு விரல் நுனியில் கறுப்பு மை. அவள் அதற்கு ஒரு முத்தம் வைத்தாள். மை உதட்டில் ஈரமாக ஒட்டியது.