பிரதிநிதி வந்துவிட்டார்

பாத்திக் சட்டை போட்ட ஒருவர் காரிலிருந்து இறங்கியதும் மேளம் முழங்கியது. ஸ்கூடாய் கலை மன்றத் தலைவர் மகேஸ்வரன் ஓடிப்போய், பெயரைக்கூடக் கேட்காமல், ஆளுயர மாலையை அவர் கழுத்தில் போட்டார்.

தொகுதியின் சட்டமன்ற உறுப்பினரான ஒய்பி எல்லா விழாவுக்கும் வருவதாகச் சொல்வார்; வருவது பிரதிநிதிதான். ஒவ்வொரு தடவையும் ஒரு புதுமுகம். ஆள்தான் மாறுவார், மாலை மாறாது.

“வாங்க சார், முன்வரிசையில உக்காருங்க.” மகேஸ்வரன் குனிந்து காதைக் கடித்தார். “இன்னிக்கு ஒரு நாடகம் இருந்துச்சு. டிவியில தாடியோட வருவானே ரூபேந்திரன், அவன் போடறதா இருந்தான். பொந்தியான் பக்கம் ரப்பர் தோட்டத்து வீட்டையெல்லாம் இடிக்கறதுக்கு ஒய்பிதான் காரணம்னு கதை. அந்த ஜனங்களையே பஸ்ஸுல ஏத்திக் கூட்டியாந்துட்டான். மத்தியானமே வாட்ஸாப்ல ரத்துன்னு தட்டிவிட்டேன்.”

“என்ன சொன்னான்?”

“பதிலே இல்ல சார். பயந்துட்டான்.”

விருந்தினர் தாடையிலிருந்த பிளேடு கீறலைத் தடவிக்கொண்டார்.

“அப்புறம், டத்தோ பட்டத்துக்கு என் பேரு போயிருக்கு. ஒய்பி காதுல ஒரு வார்த்தை போட்டீங்கன்னா...”

“முதல்ல பேசிட்டு வந்துடறேன்” என்று அவர் மேடை ஏறினார்.

“போன தேர்தல்ல உங்க வீட்டு வாசல்ல நின்னு, இந்த வீடு உங்களுக்கேன்னு சொன்னோம். நீங்க குடுத்த பசியாறலைத் தின்னுட்டுத்தான் சொன்னோம். வாய் கழுவறதுக்குள்ள நிலத்தை டெவலப்பருக்குத் தூக்கிக் குடுத்துட்டோம்.”

மண்டபத்தில் மகேஸ்வரன் மட்டும் கைதட்டினார்.

செயலாளர் இன்பராணி அவர் சட்டையைப் பிடித்து இழுத்தார். “தலைவரே, இவரு ஒய்பியவே திட்டறாரு.”

“சும்மா இரு லா. மேலிடத்துல புதுசா ஏதாவது திட்டம் இருக்கும். தட்டு.”

“மூணு தலைமுறையா பால்மரம் வெட்டினவங்க நீங்க. உங்களுக்கு ஒரு கூரை இல்ல. எங்களுக்கு மாலை, மேளம், முன்வரிசை நாற்காலி. உங்க கதையைச் சொல்ல ஒருத்தன் வந்தா, அவன் வாயை அடைக்க ஒரு மன்றம், அதுக்கு ஒரு தலைவர். அவருக்குப் பட்டம் வேணுமாம்.”

மகேஸ்வரன் கை சிவக்கத் தட்டினார். தன்னைப் பற்றி மேடையிலேயே சிபாரிசு.

“திங்கக்கிழமை புல்டோசர் வரும். யாரும் வீட்டை விட்டு வெளிய வராதீங்க. அது முன்னால முதல் ஆளா நான் படுக்கறேன்.”

தோட்டத்து ஜனங்கள் எழுந்து நின்றார்கள். கைத்தொலைபேசிகள் உயர்ந்தன. கத்தல் கூரையை முட்டியது. சிலர் அழுதார்கள்.

மேடையிலிருந்து இறங்கியவருக்கு மகேஸ்வரன் தாமே பொன்னாடை போர்த்தினார்.

“பிரமாதம் சார். ஒய்பி கட்சின்னா இப்படித்தான் இருக்கணும். அந்தத் தாடிக்காரன் நாடகம் மட்டும் நடந்திருந்தா இன்னிக்கு நம்ம மானமே போயிருக்கும். நல்ல வேளை, நான் நிறுத்தினேன்.”

அவர் பொன்னாடையை மடித்து மகேஸ்வரன் கையிலேயே கொடுத்தார்.

“நிறுத்தலீங்க தலைவரே. இப்பதான் முடிஞ்சுது.”