எது ஸ்டார்டர் ரிலே?

"அந்த ஆள் நம்ம வண்டியைத் தொடக் கூடாதுப்பா. சொல்லிட்டேன்."

மகள் பல்லைக் கடித்துக்கொண்டு மறுபடியும் சாவியைத் திருப்பினாள். விளக்கு எரிந்தது. ஹாரன் அடித்தது. இன்ஜின் மட்டும் வாயே திறக்கவில்லை.

மணி ஏழரை. எட்டுக்கு அப்பா டயாலிசிஸ் நாற்காலியில் இருக்க வேண்டும். தாமதமானால் இடம் அடுத்தவருக்குப் போய்விடும். அப்புறம் நாளை மறுநாள்தான். இப்போதே அவர் பாதம் வீங்கி, செருப்புக்குள் நுழையவில்லை. டாக்ஸி வர நாற்பது நிமிடம் என்றது ஃபோன்.

மாடி வீட்டுக்காரர் தன் கார் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். மூன்று மாதமாகப் பேச்சு வார்த்தை இல்லை. இவள் கார்க் கதவில் நீளமாக ஒரு கீறல் விழுந்த நாளிலிருந்து. 'நான் இல்லம்மா' என்று அவர் அன்று சொன்னதை இவள் நம்பவில்லை.

"பானெட்டைத் திறம்மா, பார்க்கிறேன்" என்றபடி வந்தார்.

"வேணாம் சார். நாளைக்கே நாலு பேர்கிட்ட சொல்லிக் காட்டுவீங்க."

"அம்மாடி, திறந்து விடு" என்றார் அப்பா. "எனக்குக் கிட்னி, வண்டிக்கு என்னவோ. ரெண்டு பேரும் ஒரே நாள்லயா மக்கர் பண்ணணும்?"

அவள் திறந்துவிட்டாள்.

"பேட்டரி நல்லா இருக்கு. ஸ்டார்டர் ரிலேவாத்தான் இருக்கணும், இன்ஜினைக் கிளப்பிவிடற குட்டி சுவிட்ச்" என்று ஃபியூஸ் பெட்டியின் மூடியைக் கழற்றினார். எது எங்கே என்று காட்டும் படம் மூடியின் உள்பக்கம் ஒட்டியிருந்தது. சூட்டில் வெளுத்துப்போய் ஒரு எழுத்துகூடத் தெரியவில்லை. பெட்டிக்குள் நான்கு கறுப்புச் சதுரங்கள், ஒரே பிரசவத்தில் பிறந்தவை மாதிரி.

"ஏதாவது ஒண்ணைக் கழட்டிப் பாருங்க சார், நேரமாகுது!"

"கண்டதைப் பிடுங்கினா வேற வம்பு வரும். ஒவ்வொண்ணா விரலை வைக்கிறேன், நீ சாவியைத் திருப்பு. ஸ்டார்டரோடதுன்னா உள்ளே 'டக்'னு துடிக்கும்."

"நாடி பிடிக்கிறார்" என்றார் அப்பா.

நான்கு முறை திருப்பினாள். எதுவும் துடிக்கவில்லை.

"என் வண்டியும் இதே மாடல்தான். அதுல படம் தெளிவா இருக்கும். எது எங்கன்னு பார்த்துட்டு வந்துடறேன்."

தன் காரின் பானெட்டைத் தூக்கிக் குனிந்து நின்றார். தெரியாவிட்டால் தெரியாது என்று போகவேண்டியதுதானே என்று இவளுக்குப் பொறுமிக்கொண்டு வந்தது. மணி ஏழு நாற்பது.

திரும்பி வந்தார். "இடது பக்கத்திலேர்ந்து ரெண்டாவது" என்று சொல்லிக் குனிந்தார். "இப்பத் திருப்பு."

இன்ஜின் உறுமியது.

"என்ன சார் ஆச்சு?"

"ஒண்ணுமில்லம்மா. சரியா உட்காரல, அழுத்திவிட்டேன். கிளம்பு, கிளம்பு."

இதற்கா இவ்வளவு ஆர்ப்பாட்டம் என்று நினைத்தாள். நன்றிகூடச் சொல்லாமல் வண்டியை எடுத்தாள்.

அப்பாவுக்கு இடம் கிடைத்தது.

திரும்பும்போது மணி ஒன்று. மாடி வீட்டுக்காரர் தினமும் பத்து மணிக்குக் காரை எடுத்துப் போய்விடுவார். வாசற்படிக்கு எதிரே இருக்கும் அவர் இடத்தில் நிறுத்தி இறக்கினால் அப்பாவுக்கு நாலே எட்டுதான் நடை. மூன்று மாதமாக அவரிடம் பேசாவிட்டாலும் அந்த இடத்தில்தான் நிறுத்திக்கொண்டிருந்தாள்.

இன்று அங்கே அவர் கார் நின்றது.

வேறு வழியில்லாமல் கடைசி வரிசையில் நிறுத்தி, அப்பாவைத் தாங்கி நடத்திக்கொண்டு வந்தாள். பாதி தூரத்தில் அவருக்குத் தலை சுற்றியது. தரையிலேயே உட்கார்ந்துவிட்டார்.

மாடியிலிருந்து நாற்காலியைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தார் மாடி வீட்டுக்காரர்.

"தொடாதீங்க சார்! தினமும் போற வண்டியை இன்னிக்கு மட்டும் எடுக்க முடியாதா?"

"இன்னிக்கு எடுக்க முடியலம்மா."

"முடியலையா, மனசு வரலையா?"

அவர் நாற்காலியை வைத்துவிட்டு விலகி நின்றார்.

அப்பாவைப் படுக்க வைத்த கையோடு அவள் ஃபோனை எடுத்தாள்.

"அது அவர் இடம்தானேம்மா" என்றார் அப்பா கண்ணை மூடியபடி.

"இடம் அவருதுதான். ஒரு நோயாளி வர்ற நேரம்னு தெரியும்ல? காலையில நல்லவர் வேஷம், மத்தியானம் இது. இன்னிக்கு மொத்தக் குடியிருப்புக்கும் தெரியட்டும்."

குடியிருப்பு வாட்ஸ்அப் குழுவில் பத்து வரி தட்டினாள். 'இரக்கமில்லாத மனிதர்' என்று முடித்தாள். அனுப்ப விரலைக் கொண்டுபோனபோது ஜன்னலுக்கு வெளியே பானெட் திறக்கும் சத்தம் கேட்டது.

மாடி வீட்டுக்காரர் ஒரு மெக்கானிக்கோடு நின்றிருந்தார்.

"என்ன சார் இது? ஸ்டார்டர் ரிலே ஒண்ணு கொண்டான்னீங்க, கொண்டாந்துட்டேன். ஆனா பழசு இருக்கவேண்டிய இடமே காலியா இருக்கே! அது எங்க போச்சு?"

"டயாலிசிஸுக்குப் போயிட்டு வந்திருக்கு. மெதுவாப் பேசுங்க, அந்தப் பொண்ணு வீட்டு ஜன்னல் திறந்திருக்கு."